ரோமில் ஒரே நாள்: கைடோடு எதைப் பார்ப்பது, கைடு இல்லாமல் எதைப் பார்ப்பது

ஐரோப்பாவைப் பத்து நாளில் சுற்றிவிடும் திட்டத்தில் வருகிறவர்களும், பாரிசிலோ சூரிச்சிலோ உறவினர் வீட்டில் தங்கி நடுவில் இத்தாலிக்கு ஒரு நடை போய்வர நினைப்பவர்களும் கேட்பது ஒன்றுதான். ரோமுக்கு ஒரு நாள் போதுமா? முழு ஊருக்கும் போதாது. பண்டைய ரோமை மட்டும் பார்ப்பது என்று முடிவு செய்துவிட்டால் போதும். கொலோசியம், பாலடைன் குன்று, பழைய ஊரின் பொதுச் சதுக்கமாக இருந்த ரோமன் ஃபோரம், பழங்காலக் கோயிலான பாந்தியன் எல்லாம் நடந்தே போகக்கூடிய தூரத்தில் இருக்கின்றன.

முதலில் ஒரு விஷயத்தில் தெளிவாக இருங்கள். கைடுக்குக் கொடுக்கும் பணத்தை இடிபாடுகளுக்காகக் கொடுங்கள். பாந்தியனும் ட்ரெவி நீரூற்றும் முழுசாக நிற்கின்றன. வாசலில் போய் நின்றாலே கண்ணுக்குப் புரிந்துவிடும். ஃபோரம் அப்படியில்லை. விவரம் தெரிந்த ஒருவர் கூட இல்லையென்றால் அது உடைந்த தூண்கள் கிடக்கும் ஒரு பள்ளம். அரை மணி நேரத்தில் வெயில் தாங்காமல் வெளியே வந்துவிடுவீர்கள். கைடு கூட வந்தால் அதே இடத்தில் இரண்டு மணி நேரம் போவது தெரியாது. அதனால் காலையில் கைடு, மதியத்துக்கு மேல் நீங்களே நடப்பது. இந்தக் கட்டுரை முழுக்க இந்தத் திட்டத்தின்படிதான்.

வத்திக்கானையும் அதே நாளில் சேர்த்து ‘ஒரே நாளில் ரோம்’ என்று விற்கும் சுற்றுலாக்கள் நிறைய உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. வத்திக்கான் அருங்காட்சியகத்துக்கு மட்டுமே அரை நாள் வேண்டும். இரண்டையும் ஒரே நாளில் திணித்தால் முதலில் அடிபடுவது ஃபோரம்தான். ‘இதுதான் ஃபோரம்’ என்று மேட்டில் நின்று கைகாட்டிவிட்டு வண்டியில் ஏற்றிவிடுவார்கள். வத்திக்கானைத்தான் பார்க்க வேண்டும் என்பது உங்கள் விருப்பமானால், அந்த நாளை முழுசாக அதற்கே கொடுங்கள். பெரும்பாலான ஞாயிற்றுக்கிழமைகளில் அந்த அருங்காட்சியகம் மூடியிருக்கும் என்பதையும் மறக்காதீர்கள்.

டிக்கெட்டும் பெயரும்

கொலோசியத்தின் அதிகாரபூர்வ டிக்கெட்டுகள் 30 நாளுக்கு முன்னால் விற்பனைக்கு வரும். கோடைக்காலத்திலும் விடுமுறை நாட்களிலும் காலை நேரத்து இடங்கள் சீக்கிரம் தீர்ந்துவிடும். சாதாரண டிக்கெட் 18 யூரோ. வாங்கும்போது விலை மாறியிருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். கொலோசியத்தோடு ஃபோரமும் பாலடைன் குன்றும் அதே டிக்கெட்டில் அடங்கும். கொலோசியத்துக்குள் ஒரு முறை, ஃபோரமும் பாலடைனும் சேர்ந்த பகுதிக்குள் ஒரு முறை, அவ்வளவுதான் நுழைய முடியும். வெளியே வந்துவிட்டு மறுபடி உள்ளே போகலாம் என்று நினைக்க வேண்டாம். 18 வயதுக்குக் கீழ் உள்ளவர்களுக்கு இலவசம், ஆனால் அவர்களுக்கும் டிக்கெட் பதிவு செய்ய வேண்டும். வீரர்கள் சண்டையிட்ட களத்தின் தரைக்கும் அதற்குக் கீழே உள்ள நிலவறைகளுக்கும் போக வேண்டுமென்றால் வேறு டிக்கெட். நிலவறைக்கு இடம் கிடைப்பது கஷ்டம். கிடைத்தால் விடாதீர்கள்.

டிக்கெட்டில் பெயர் அச்சாகும். வாசலில் அடையாள அட்டையோடு ஒப்பிட்டுப் பார்ப்பார்கள். நம் ஊர்க்காரர்கள் தடுமாறுவது இங்கேதான். பாஸ்போர்ட்டில் அப்பா பெயர் குடும்பப் பெயரின் இடத்தில் இருக்கும், அல்லது அந்தக் கட்டம் காலியாக இருக்கும். நாமோ பழக்கத்தில் இனிஷியலோடு எழுதிவிடுவோம். பாஸ்போர்ட்டில் எந்தக் கட்டத்தில் எந்த எழுத்து இருக்கிறதோ, அதை அப்படியே பதியுங்கள். ஏஜென்சி மூலம் வாங்கினால் ஒவ்வொருவர் பெயரையும் தட்டச்சு செய்து அனுப்புங்கள், வாய்மொழியாகச் சொல்லாதீர்கள். அன்றைக்கு பாஸ்போர்ட்டைக் கையோடு வைத்திருக்கவும் வேண்டும்.

மாதத்தின் முதல் ஞாயிறு கொலோசியத்துக்கு நுழைவு இலவசம். ஒரே நாள் கையில் வைத்திருப்பவர்கள் அந்த நாளைத் தவிர்ப்பது நல்லது. இலவசம் என்றால் கூட்டம் எப்படி இருக்கும் என்பது நமக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

எப்படிப்பட்ட கைடு

இத்தாலியில் கைடு வேலைக்கு உரிமம் உண்டு. உரிமம் உள்ளவர் கழுத்தில் அட்டை தொங்கும். கொலோசியத்துக்கு வெளியே, ‘வரிசையில் நிற்க வேண்டாம், இப்போதே உள்ளே போகலாம்’ என்று சீருடை போன்ற சட்டையில் வந்து பேசுகிறவர்கள் பெரும்பாலும் விற்பனை ஆட்கள். அவர்களிடம் அந்த இடத்திலேயே பணம் கொடுத்து வாங்க வேண்டாம். ‘வரிசை இல்லை’ என்று எவ்வளவு செலவு செய்தாலும் பாதுகாப்புச் சோதனை வரிசையில் எல்லாரும் நின்றுதான் ஆக வேண்டும்.

பதிவு செய்வதற்கு முன் ஏஜென்சியிடம் சில கேள்விகளைக் கேட்டுவிடுங்கள். குழுவில் எத்தனை பேர்? நுழைவு டிக்கெட் விலையில் அடங்குமா? எல்லாவற்றையும்விட முக்கியமானது, ஃபோரத்துக்குள் கைடு கூடவே வருவாரா, எவ்வளவு நேரம்? சில மலிவான சுற்றுலாக்களில் கொலோசியத்தோடு கைடு விடைபெற்றுவிடுவார். ஃபோரத்தை ‘உங்கள் விருப்பம்போல் பார்த்துக்கொள்ளுங்கள்’ என்று விட்டுவிடுவார்கள். கைடு எங்கே மிகவும் தேவையோ அங்கே இல்லாத ஏற்பாடு அது. அதை வாங்காதீர்கள்.

ஆங்கிலம் பழக்கமில்லாத அம்மா அப்பாவையோ மாமனார் மாமியாரையோ கூட்டிக்கொண்டு வருகிறீர்கள் என்றால் இன்னொன்றையும் யோசியுங்கள். பெரிய குழுக்களில் எல்லாருக்கும் காதில் ஒரு ஹெட்செட் கொடுப்பார்கள். கைடு நடந்துகொண்டே பேசுவார், யாருக்காகவும் நிறுத்தமாட்டார். நீங்கள் ஒரு வரியைத் தமிழில் சொல்லி முடிப்பதற்குள் அவர் மூன்று வரி தாண்டியிருப்பார். கடைசியில் உங்களுக்கும் புரியாது, அவர்களுக்கும் புரியாது. ஐந்தாறு பேர் கொண்ட குடும்பமாக இருந்தால் மூன்று மணி நேரத்துக்குத் தனி கைடு வைத்துக்கொள்வதே நல்லது. அவர் ஒரு இடத்தில் நிறுத்தி, நீங்கள் மொழிபெயர்த்து, அப்பா ஒரு கேள்வி கேட்டு, அதை நீங்கள் திருப்பிக் கேட்டு என்று நிதானமாகப் போகலாம். தலைக்கு எவ்வளவு என்று கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

முதல்நாள் இரவு எடுத்து வைக்க வேண்டியவை

தேய்ந்த செருப்பு உதவாது. பழைய ரோமின் பாதைகள் கருங்கல் பாவியவை. மழை பெய்தால் வழுக்கும், ஃபோரத்துக்குள் கல்லுக்கும் கல்லுக்கும் நடுவே கால் மடங்கும். அடி கெட்டியான ஷூ போடுங்கள். ஜூலை, ஆகஸ்டில் போனால் தொப்பி கட்டாயம், ஏனென்றால் ஃபோரத்தில் நிழல் மிகக் குறைவு. தண்ணீருக்கு ஒரு பாட்டில் போதும், கண்ணாடியாக இருக்கக்கூடாது. நகரம் முழுக்கத் தெருவோரத்தில் ‘நசோனி’ எனப்படும் வார்ப்பிரும்புக் குழாய்கள் இருக்கின்றன. 1870களில் வைக்கத் தொடங்கியவை. குளிர்ந்த குடிநீர் நாள் முழுக்க ஓடிக்கொண்டே இருக்கும். பயமில்லாமல் பிடித்துக் குடிக்கலாம். பெரிய பை, சூட்கேஸ் எதுவும் கொலோசியத்துக்குள் விடமாட்டார்கள். அன்றே ஊரை விட்டுக் கிளம்புகிறவர்கள் பெட்டியை ஹோட்டலிலோ தெர்மினி ரயில் நிலையத்திலோ வைத்துவிட்டு வர வேண்டும்.

பாஸ்போர்ட்டும் பணமும் சட்டைக்குள் தொங்கும் பையில் இருக்கட்டும். தெர்மினி நிலையத்திலும் மெட்ரோவிலும் 64ஆம் எண் பேருந்திலும் ஜேப்படி அதிகம்.

காலை: கொலோசியம்

முதல் நுழைவு நேரத்தையே வாங்குங்கள். தெர்மினியிலிருந்து மெட்ரோ பி லைனில் இரண்டாவது நிறுத்தம் கொலோசியோ. நிலையத்தை விட்டு வெளியே வந்தால் எதிரே நிற்கும். சோதனை வரிசையையும் கணக்கில் வைத்து அரை மணி நேரம் முன்னதாகவே போய்விடுங்கள். குழு சந்திக்கும் இடம் எது என்று முதல்நாளே வரைபடத்தில் பார்த்து வையுங்கள். ஒரே சமயத்தில் பத்துப் பதினைந்து குழுக்கள் கொடி பிடித்துக்கொண்டு நிற்கும் இடம் அது.

பேரரசர் வெஸ்பாசியன் தொடங்கி, அவர் மகன் டைட்டஸ் கி.பி. 80இல் திறந்து வைத்த அரங்கம். நீளம் 188 மீட்டர், அகலம் 156 மீட்டர், வெளிச்சுவரின் உயரம் 48 மீட்டருக்கு மேல். முந்தைய பேரரசர் நீரோ தன் அரண்மனைக்காக வெட்டிய செயற்கை ஏரி இருந்த பள்ளத்தில் இதைக் கட்டினார்கள். ஒருவன் தனக்கென்று வளைத்துக்கொண்ட நிலத்தை ஊருக்கே திருப்பிக் கொடுத்தோம் என்று காட்டிக்கொள்வது வெஸ்பாசியனின் அரசியல். ஐம்பதாயிரம் பேர் வரை உட்காரலாம் என்று கணக்கிடுகிறார்கள்.

உள்ளே போவதற்கு முன் வளைவுகளின் மேலே பாருங்கள். ரோமன் எண்கள் செதுக்கியிருக்கும். மொத்தம் 80 வாசல்கள், அவற்றில் 76க்கு எண் போட்டிருந்தார்கள். இன்று 23 முதல் 54 வரையிலானவை நிற்கின்றன. அந்தக் காலத்தில் பார்க்க வந்தவருக்கு எந்த வாசல் என்பது அனுமதிச் சீட்டிலேயே தெரியும். சுவர் முழுக்க அம்மை வடுபோலக் குழிகள் தெரியும். அவை போரில் விழுந்தவை அல்ல; கற்களைப் பிணைத்திருந்த இரும்புப் பட்டைகளைப் பிற்காலத்தவர் நோண்டி எடுத்த இடங்கள். தெற்குப் பக்கம் வெளிச்சுவர் இல்லாமல் இருப்பதற்குக் காரணம் நிலநடுக்கம். விழுந்த கற்களை எடுத்துத்தான் ரோமின் பல மாளிகைகளைக் கட்டினார்கள்.

உள்ளே, நடுவில் தரை இல்லாமல் சந்துசந்தாகத் தெரிவதுதான் நிலவறை. டைட்டஸின் தம்பி டொமிஷியன் காலத்தில் வந்தது. மிருகங்களையும் வீரர்களையும் இங்கிருந்து ஆட்கள் சுற்றும் தூக்கிகள் வழியே மேலே அனுப்பினார்கள். அந்தத் தூக்கிகள் எப்படி வேலை செய்தன என்று கைடிடம் கேளுங்கள். உற்சாகமாகச் சொல்லாத கைடை நான் பார்த்ததில்லை. கழிப்பறையை இங்கேயே பயன்படுத்திக்கொள்ளுங்கள். இதன் பிறகு அவ்வளவு சுலபமாகக் கிடைக்காது.

ஒன்றேகால் மணி நேரம் இங்கே போதும். வெளியே வந்ததும் வலப்பக்கம் இடப்பக்கம் குழம்பாமல், பக்கத்திலேயே நிற்கும் கான்ஸ்டன்டைன் வளைவை ஒரு சுற்றுச் சுற்றிவிடுங்கள். பேரரசர் கான்ஸ்டன்டைன் தன் போட்டியாளர் மாக்சென்டியஸை 312இல் வென்றதற்காக 315இல் எழுப்பியது. அதிலுள்ள சிற்பங்களில் பல, பழைய பேரரசர்களின் நினைவுச் சின்னங்களிலிருந்து கழற்றிக்கொண்டு வந்து பதித்தவை. பண்டைய வீரன் வேஷத்தில் நிற்கிறவர் தோளில் கைபோட்டுப் படம் எடுத்தால் பணம் கேட்பார். கையில் கயிறு கட்ட வருகிறவரிடமும் ரோஜா நீட்டுகிறவரிடமும் கையை நீட்டாதீர்கள்.

பாலடைனும் ஃபோரமும்

முதலில் மேலே ஏறி, பிறகு கீழே இறங்குவதுதான் முறை. பாலடைன் குன்றில்தான் கி.மு. 753இல் ரோமுலஸ் ஊரை நிறுவினான் என்பது ஐதீகம். பின்னாளில் பேரரசர்களின் அரண்மனைகள் எழுந்ததும் அங்கேதான். தெற்கு விளிம்பிலிருந்து தேரோட்டப் பந்தயம் நடந்த சர்க்கஸ் மாக்சிமஸ் திடல் தெரியும். வடக்கு விளிம்புக்கு வந்தால் ஃபோரம் முழுவதும் காலடியில் விரியும். அந்த இடத்தில் பத்து நிமிடம் நின்று, கீழே எது எது என்று கைடைச் சுட்டிக்காட்டச் சொல்லுங்கள். இறங்கிய பிறகு திசை குழம்பாது. முழங்கால் வலி உள்ள பெரியவர்களுக்கு ஏற்றம் சிரமம் என்றால் பாலடைனை விட்டுவிட்டு நேரே ஃபோரத்துக்குப் போகலாம். பெரிய நஷ்டமில்லை.

ஃபோரத்தில் அவசரப்படாதீர்கள். இறங்கியதும் டைட்டஸ் வளைவு. உள்பக்கச் சுவரில் எருசலேம் கோயிலைக் கி.பி. 70இல் இடித்துக் கொள்ளையடித்த பொருட்களை ஊர்வலமாகத் தூக்கி வருவது செதுக்கியிருக்கிறது. ஏழு கிளை விளக்கு தெளிவாகத் தெரியும். அந்தக் கொள்ளையில் வந்த செல்வம் கொலோசியம் கட்டவும் போனது. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்க்கும்போது இந்தத் தொடர்பு மனதில் இறங்கும்.

கொஞ்சம் தள்ளி வலப்பக்கம் மூன்று பிரம்மாண்டமான செங்கல் வளைவுகள். மாக்சென்டியஸ் தொடங்கி கான்ஸ்டன்டைன் முடித்த மண்டபம் அது. தமிழ் பேசுகிறவர்கள் ஒரு நிமிடம் நிற்க வேண்டிய இடம் இதுதான் என்பேன். இந்த மண்டபத்துக்கு முன்னால் இங்கே இருந்தவை டொமிஷியன் காலத்து மிளகுக் கிடங்குகள். முசிறித் துறையிலிருந்து கப்பலேறிய மிளகு செங்கடல், நைல் நதி, அலெக்சாந்திரியா வழியாக வந்து சேர்ந்தது பேரரசின் நடுக்கூடத்தில். இந்தியச் சரக்குக்காக ஆண்டுக்கு ஐந்து கோடி செஸ்டர்ஸ் காசு போகிறதே என்று முதல் நூற்றாண்டில் ரோமானிய எழுத்தாளர் பிளினி புலம்பினார். கொங்கு நாட்டில் மண்ணைத் தோண்டும்போது கிடைத்த ரோமானியக் காசுகள் அந்தப் போக்குவரத்தின் மறுமுனை. கி.பி. 408இல் கோத்தர்களின் தலைவன் அலாரிக் நகரை முற்றுகையிட்டு, விலகிப்போகக் கேட்ட பொருட்களில் பொன்னோடும் வெள்ளியோடும் மூவாயிரம் பவுண்டு மிளகும் இருந்தது. பல கைடுகள் இந்தக் கிடங்குகளைத் தாமாகச் சொல்லமாட்டார்கள். நீங்கள் கேளுங்கள், கேட்டால் முகம் மலர்ந்து சொல்வார்கள்.

அடுத்து பேரரசர் அன்டோனினஸ், அவர் மனைவி ஃபவுஸ்டினா இருவருக்குமான கோயில். முன்னால் பத்துத் தூண்கள், பின்னால் ஒரு தேவாலயம். அந்தத் தேவாலயத்தின் பச்சைக் கதவைப் பாருங்கள். படிகளுக்கு எட்டாத உயரத்தில் அந்தரத்தில் இருக்கிறது. அந்தக் கதவு வைத்த காலத்தில் மண் அந்த உயரம் வரை மூடியிருந்தது. ஃபோரம் முழுதும் புதைந்துபோய், மேலே மாடு மேய்ந்த நிலமாக இருந்தது. நீங்கள் இப்போது நிற்கும் தரையைப் பின்னால் வந்தவர்கள் தோண்டி எடுத்திருக்கிறார்கள். இந்த ஒரு கதவைப் புரிந்துகொண்டால் ஃபோரம் ஏன் பள்ளத்தில் இருக்கிறது என்பது விளங்கிவிடும்.

எதிரே ஜூலியஸ் சீசரின் உடலை எரித்த இடத்தில் எழுந்த கோயிலின் அடித்தளம், தாழ்ந்த ஒரு கூரைக்குள் இருக்கும். இன்றும் யாராவது பூ வைத்துவிட்டுப் போகிறார்கள். பிறகு செனட் கூடிய கட்டடம், 203இல் எழுப்பிய பேரரசர் செவெரஸின் வளைவு, சாட்டர்ன் கோயிலின் எட்டுத் தூண்கள். மேற்கு முனையில் எந்த வாயில் அன்றைக்குத் திறந்திருக்கிறது என்று கைடிடம் கேட்டு, கேப்பிடலைன் குன்றுப் பக்கமாக வெளியேறுங்கள். கைடு இங்கேயே விடைபெறுவார். நன்றாகச் சொன்னவருக்கு ஆளுக்கு ஐந்து யூரோவாவது கையில் கொடுத்தால் மகிழ்ச்சியாக வாங்கிக்கொள்வார். கட்டாயம் கிடையாது.

போவதற்குள் அவரிடமே மதியச் சாப்பாட்டுக்கு இடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

சாப்பாடு

கொலோசியத்தைச் சுற்றி, படம் போட்ட மெனுவோடு வாசலில் நின்று கூப்பிடும் கடைகளை விட்டுவிட்டு, பாந்தியன் போகும் வழியில் சந்துகளுக்குள் தேடுங்கள். மேசையில் உட்கார்ந்தால் ‘கோப்பெர்த்தோ’ என்று தலைக்கு ஒரு தொகை பில்லில் சேரும். ஏமாற்று அல்ல, வழக்கம். காபியை நின்றுகொண்டு குடித்தால் ஒரு விலை, உட்கார்ந்து குடித்தால் வேறு விலை. எடை போட்டு வெட்டித் தரும் பிஸ்ஸா வயிற்றுக்கும் பைக்கும் ஏற்றது.

சைவம் சாப்பிடுகிறவர்களுக்கு ‘பிஸ்ஸா மரினாரா’ நல்லது. தக்காளி, பூண்டு, எண்ணெய் மட்டும், சீஸ்கூடக் கிடையாது. ‘காச்சோ எ பேப்பே’ என்பது ஆட்டுப்பால் சீஸும் மிளகும் போட்ட பாஸ்தா. காலையில் மிளகுக் கிடங்கைப் பார்த்தவர்கள் கட்டாயம் சாப்பிட வேண்டியது. ஆனால் அந்தப் பெக்கோரினோ சீஸை ஆட்டுக்குட்டியின் வயிற்றிலிருந்து எடுக்கும் பொருளால் உறைய வைப்பது வழக்கம். கண்டிப்பான சைவர்கள் அறிந்திருக்க வேண்டும். ‘சுப்லி’ என்ற சோற்று உருண்டையில் பெரும்பாலும் இறைச்சி இருக்கும். கேட்காமல் வாங்காதீர்கள்.

மதியத்துக்கு மேல், கைடு இல்லாமல்

மைக்கலாஞ்சலோ வடிவமைத்த கேப்பிடலைன் சதுக்கத்திலிருந்து தொடங்கலாம். நடுவில் குதிரைமேல் பேரரசர் மார்கஸ் அவுரேலியஸின் சிலை. இது நகல், அசல் பக்கத்து அருங்காட்சியகத்தில். அங்கிருந்து பத்து நிமிட நடையில் லார்கோ அர்ஜென்டினா. சாலை மட்டத்துக்குக் கீழே நான்கு கோயில்களின் மிச்சமும், சீசர் குத்துப்பட்டு விழுந்த மண்டபத்தின் ஒரு பகுதியும், வெயில் காயும் பூனைகளும். மேலிருந்து பார்த்தாலே போதும்.

பாந்தியனுக்கு 2023 ஜூலை முதல் 5 யூரோ டிக்கெட் வைத்தார்கள். இது இன்றும் தேவாலயம். தோளும் முழங்காலும் மூடிய உடை வேண்டும், ஞாயிறு காலை திருப்பலி நேரத்தில் பார்வையாளர்களை விடமாட்டார்கள். பேரரசர் ஹாட்ரியன் காலத்தில் கட்டியது, ஆனால் முகப்பில் அதற்கு முன் அங்கே கோயில் கட்டிய அக்ரிப்பாவின் பெயரையே விட்டுவைத்திருக்கிறார். உள்ளே போய் நேரே நடுவுக்கு வந்து அண்ணாந்து பாருங்கள். கூரையின் விட்டம் 43.3 மீட்டர், தரையிலிருந்து உச்சிவரை உயரமும் அதேதான். கம்பி வைக்காத கான்கிரீட் கூரையில் உலகத்திலேயே இன்றும் இதுதான் பெரியது. உச்சியில் உள்ள வட்டத் துளைக்கு மூடி கிடையாது. மழை உள்ளே விழும், தரையிலுள்ள துளைகள் வழியே வடியும். ஓவியர் ரஃபேலின் கல்லறையும் இங்கே.

நவோனா சதுக்கம் ஐந்து நிமிட நடை. டொமிஷியனின் ஓட்டப்பந்தய மைதானம் இருந்த வடிவத்திலேயே சதுக்கம் நீண்டிருக்கும். சிற்பி பெர்னினியின் நான்கு நதிகள் நீரூற்றில் துடுப்பைப் பிடித்து உட்கார்ந்திருப்பவர் நம் கங்கை. அங்கிருந்து ட்ரெவி. கி.மு. 19இல் அக்ரிப்பா கொண்டுவந்த கால்வாயின் நீர்தான் அங்கே விழுகிறது; நீரூற்று முடிந்தது 1762இல். கூட்டத்தை அளவாகத்தான் கீழே இறங்க விடுகிறார்கள், வரிசையில் நிற்க நேரிடலாம். எறியும் காசுகள் ஏழைகளுக்கான தொண்டுக்குப் போகின்றன. விளிம்பில் ஏறி உட்காரக்கூடாது, அபராதம் உண்டு. ஸ்பானியப் படிகளிலும் 2019 முதல் உட்காரத் தடை. கால் ஓய்ந்திருந்தால் அதை விட்டுவிட்டு பார்பெரினி நிலையத்தில் மெட்ரோ ஏறிவிடலாம், தெர்மினி இரண்டே நிறுத்தம்.

மதியம்தான் ரோமில் இறங்குகிறீர்கள், மறுநாள் மதியம் கிளம்ப வேண்டும் என்றால் வரிசையை மாற்றிக்கொள்ளுங்கள். சாதாரண டிக்கெட் 24 மணி நேரம் செல்லும். வந்த அன்று பிற்பகல் கொலோசியம், இரவு பாந்தியனை வெளியிலிருந்தும் ட்ரெவியையும் பாருங்கள். மறுநாள் காலை வெயில் ஏறுமுன் கைடோடு ஃபோரம். குளிர்காலத்தில் மாலை 4:30க்கே கொலோசியத்தை மூடிவிடுவார்கள், ஒரு மணி நேரம் முன்பே நுழைவு நின்றுவிடும். அந்த மாதங்களில் இந்த மாற்றுத் திட்டம் பலிக்க விமானம் மதியம் 12 மணிக்குள்ளாவது இறங்கியிருக்க வேண்டும்.